டிக்ரிக்குப் பன்னிரண்டு ஆண்டு, தடுத்தவர் மீது முப்பது நாள்

கேள்வி: கோபிச்செட்டிபாளையம் பக்கம், தடப்பள்ளி வாய்க்கால் பாசனத்தில் எங்களுக்கு 2 ஏக்கர் 30 சென்ட் தோட்டம் இருக்கிறது. அது பங்காளி ஒருவர் கையில் இருந்ததால் என் தந்தை 2006இல் வழக்குப் போட்டார். 2013 ஆகஸ்டில் சார்பு நீதிமன்றம் எங்களுக்கு உரிமையும் சுவாதீனமும் (நிலத்தைக் கையில் பெறுவது) கொடுத்து டிக்ரி, அதாவது தீர்ப்பாணை, வழங்கியது. பங்காளியின் மேல்முறையீடு 2016 டிசம்பரில் தள்ளுபடியானது. டிக்ரிப்படி நிலத்தை மீட்டுத் தரக் கோரி 2019இல் போட்ட நிறைவேற்று மனு, தந்தை படுக்கையில் கிடந்தபோது ஆஜராகாததால் தள்ளுபடியாகிவிட்டது. அவர் காலமானபின், 2026 ஜனவரியில் நானும் தம்பியும் புது மனுப் போட்டோம். இம்மாதம் 3ஆம் தேதி கோர்ட்டு ஊழியரான அமீனாவுடன் போனபோது, 2009இல் பங்காளியிடம் 80 சென்ட் கிரயம் வாங்கியதாக ஒருவர் வழிமறித்தார். தோட்டத்துச் சாளையில் (குடிசை வீட்டில்) குடியிருக்கும் குத்தகைக்காரரும் நகர மறுத்தார். அமீனா எழுதிக்கொண்டு திரும்பிவிட்டார். "பன்னிரண்டு வருடம் தாண்டிவிட்டது, டிக்ரி செல்லாது" என்கிறார் பங்காளி. நிலத்தில் இருக்கும் மஞ்சளைத் தோண்டும்வரை பொறுக்கச் சொல்கிறார்கள் ஊர்ப் பெரியவர்கள். என்ன செய்வது?

பதில்: அம்மணி, உங்கள் டிக்ரி உயிரோடுதான் இருக்கிறது. சுவாதீன டிக்ரியை நிறைவேற்ற, 1963ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டத்தின் 136ஆவது இனம் 12 ஆண்டு தருகிறது. பங்காளி 2013இலிருந்து எண்ணுகிறார். மேல்முறையீடு விசாரித்துத் தள்ளுபடி செய்யப்பட்டிருந்தால், கீழ்க்கோர்ட்டு டிக்ரி மேல்கோர்ட்டு டிக்ரியோடு இணைந்துவிடும். அப்போது கணக்கு 2016 டிசம்பரில் தொடங்கும், 2028 டிசம்பர் வரை உங்களுக்கு நேரம் உண்டு. 2019 மனு ஆஜராகாமல் தள்ளுபடியானதும், கெடுவுக்குள் புது மனுப் போடத் தடையல்ல.

ஆனால் மேல்முறையீட்டுத் தீர்ப்பின் நகலை இன்றே எடுத்துப் படியுங்கள். பங்காளி ஆஜராகாமலோ, தாமதத்தை மன்னிக்க மறுத்தோ அது தள்ளுபடியாகியிருந்தால் இந்த இணைப்புக் கிடையாது. கணக்கு 2013க்கே போய்விடும், உங்கள் ஜனவரி மனு கெடு தாண்டியது என்ற கேள்வி எழும். நிறைவேற்று மனுவில் தாமதத்தை மன்னிக்கும்படி கேட்கச் சட்டத்தில் வழியில்லை.

என்னைக் கவலைப்பட வைப்பது வேறொரு கெடு. அமீனாவைத் தடுத்த நாளிலிருந்து 30 நாளுக்குள், உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 21, விதி 97இன் கீழ், தடையை அகற்றக் கோரி மனுப் போட வேண்டும். காலவரையறைச் சட்டத்தின் 129ஆவது இனம் சொல்வது இது. மறுபடி வாரண்ட் வாங்கிப் போய், மறுபடி தடுத்தால் புதிதாக 30 நாள் உண்டு என்று வாதிடலாம்தான். அந்த வாதத்தை நம்பிக் கெடுவைத் தவறவிடாதீர்கள். அடுத்த மாதம் 2ஆம் தேதிக்கு முன்பே மனு கோர்ட்டில் இருக்க வேண்டும். அமீனாவின் அறிக்கை நகலில் தடுத்தவர்கள் பெயரும் அவர்கள் சொன்ன காரணமும் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

கிரயம் வாங்கியவர் வாதம் பலவீனமானது. வழக்கு 2006, அவர் பத்திரம் 2009. வழக்கு நடக்கும்போது பிரதிவாதியிடம் வாங்கியவர் அந்த வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர். சொத்து மாற்றுச் சட்டத்தின் 52ஆவது பிரிவு அது. விதி 102ம் அவருக்குத் தடுக்கும் உரிமை இல்லை என்கிறது. பட்டா மாறியிருந்தாலும், வழக்கே தெரியாது என்று சொன்னாலும் நிலை மாறாது. பணத்தை அவர் பங்காளியிடம்தான் கேட்க வேண்டும். கோர்ட்டு உத்தரவிட்ட பின்னும் மறித்தால் 30 நாள் வரை சிவில் சிறையில் வைக்க விதி 98 இடம் தருகிறது.

குத்தகைக்காரரை அவரோடு சேர்த்துப் பார்க்காதீர்கள். வழக்குப் போட்ட பிறகு பங்காளி கொண்டுவந்து வைத்தவர் என்றால் அவரும் டிக்ரிக்குக் கட்டுப்பட்டவர்தான். அதற்கு முன்பிருந்தே உழுதவர், குத்தகைப் பதிவேட்டில் பெயர் உள்ளவர் என்றால், தமிழ்நாடு சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டத்தின் கேள்வி எழும். அவர் வெளியேற்றப்படும்வரை காத்திருக்கத் தேவையில்லை, முன்கூட்டியே தம் உரிமையைச் சொல்லலாம் என்று 1997இல் பிரம்மதேவ் சௌத்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. தனி வழக்கு வேண்டாம், நிறைவேற்றும் கோர்ட்டே தீர்மானிக்கும் என்கிறது விதி 101. அவர் சொல்வதைக் கோர்ட்டு கேட்கட்டும். ஆட்களைக் கூட்டிப்போய்ச் சாளையின் ஓட்டைப் பிரிப்பதோ, வேலியை வெட்டுவதோ கூடவே கூடாது. குடியிருக்கும் குடும்பத்துக்கு அது அநியாயம், உங்கள் மீது குற்ற வழக்கும் வரும். போலீஸ் உதவி வேண்டுமென்றால் கோர்ட்டு மூலமாகவே கேளுங்கள்.

மஞ்சள் விஷயம். நட்டால் ஒன்பது, பத்து மாதம் நிலத்தில் கிடக்கும் பயிர். பொறுக்கச் சொல்லும் பெரியவர்கள் நல்லெண்ணத்தில் சொல்லியிருக்கலாம், ஆனால் முப்பது நாள் அவர்கள் பேச்சுக்காக நிற்காது. நீங்கள் விட்டுக்கொடுக்க விரும்பினால் தாராளமாகச் செய்யுங்கள். முதலில் விதி 97 மனுவைப் போட்டுவிடுங்கள். பிறகு, எந்தத் தேதிவரை பயிர் நட்டவருடையது, எந்தத் தேதியில் அவர் நிலத்தை விடுவார் என்று எழுதி, இரு தரப்பும் கையெழுத்திட்டு, அதை அந்த மனுவிலேயே கோர்ட்டில் பதிவு செய்யுங்கள். திண்ணைப் பேச்சில் கொடுத்த வாக்கைப் பதிவில்லாமல் நிறைவேற்றும் கோர்ட்டு ஏற்காது.