ரயில் தட்டும் தாளம்

கேள்வி: ரங்கூன் வட்ட ரயிலில் தினமும் வேலைக்குச் செல்கிறேன். அதன் ஓசையைக் கவிதையாக்க முயன்றால் ‘தடக் தடக்’ என்பதற்கு மேல் பேனா நகர மறுக்கிறது. என்ன செய்யலாம்?
– வாசகி, ரங்கூன்

பதில்: ‘தடக் தடக்’ என்பதை ஒருமுறை எழுதலாம், மறுமுறை எழுதினால் காது கேட்பதை நிறுத்திவிடும். ஓசை பிறக்கும் இடத்தைக் கவனியுங்கள். ஒரு பெட்டியின் பின்புறச் சக்கர அச்சுகள் இரண்டும் அடுத்த பெட்டியின் முன்புற அச்சுகள் இரண்டும் தண்டவாள இணைப்பை அடுத்தடுத்துக் கடப்பதால், நான்கு தட்டுகள் நெருங்கி விழுந்து, பின் சற்றே மௌனம் நிலவுகிறது. அந்த நான்கையும் சீர்களாகவும் மௌனத்தை அடியின் முடிவாகவும் கொண்டால், நான்கு சீர் கொண்ட நம் அளவடி தானே அமைந்துவிடும். (தண்டவாளங்களை ஒன்றாகப் பற்றவைத்துவிட்ட பாதையில் இந்தத் தாளம் கிடைக்காது.)

வேகத்தை, சீரை உண்டாக்கும் அசைகளிடம் ஒப்படையுங்கள். ‘கடகட வெனநட மிடுகிற சிறுரயில்’ என்ற அடியில் நான்கும் ‘கருவிளம்’ என்ற சொல்லின் ஓசை கொண்ட கருவிளச்சீர்கள். குறில்கள் நிறைந்திருப்பதால் நா ஓடுகிறது. நிலையம் நெருங்குகையில் ‘ஆடி ஓடி ஓய்ந்து நிற்கும்’ என்று ‘தேமா’ என்ற சொல்லின் ஓசைக்கு மாறினால், நெடில்கள் பிரேக் பிடிக்கும். தொல்காப்பியம் கூறும் 20 வண்ணங்களுள் (செய்யுளின் ஓசை வகைகள்) வல்லெழுத்து மிகும் வல்லிசை வண்ணத்தைப் பாலத்துக்கும், மெல்லெழுத்து மிகும் மெல்லிசை வண்ணத்தை எதிர் இருக்கையில் உறங்கும் குழந்தைக்கும் வைத்துக்கொள்ளலாம். வட்டப் பாதை சுமார் 46 கிலோமீட்டர். ஒரு சுற்றில் ஒரு பாட்டு முடிந்துவிடும்.