பதவியை விட்டு எழுந்திருக்கத் தீர்ப்பு எதற்கு?

கேள்வி: "நீதிமன்றம் தீர்ப்பு சொல்லட்டும், அதுவரை விலக மாட்டேன்" என்று ஊழல் புகாருக்கு ஆளான அமைச்சர்கள் சொல்வது நியாயம்தானே?

பதில்: ஜெயிலுக்கு அனுப்பத்தான் தீர்ப்பு வேண்டும், நாற்காலியை விட்டு எழுந்திருக்க எதற்கு? முந்த்ரா விவகாரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1957-ல் எல்.ஐ.சி. பணம் ஒன்றேகால் கோடி ரூபாய் அளவுக்கு ஹரிதாஸ் முந்த்ரா என்பவரின் தள்ளாடிக்கொண்டிருந்த கம்பெனிகளில் போய் விழுந்தது. அதை நாடாளுமன்றத்தில் கிளப்பியவர் ஆளுங்கட்சி எம்.பி., அதுவும் பிரதமர் நேருவின் மருமகன் ஃபெரோஸ் காந்தி! விசாரித்த நீதிபதி சாக்ளா கதவைச் சாத்திக்கொள்ளவில்லை, எல்லாரும் கேட்கட்டும் என்று பகிரங்கமாகவே நடத்தினார், கூட்டம் தாங்காமல் வெளியே ஒலிபெருக்கி கட்ட வேண்டிவந்தது, 24 நாளில் வேலையை முடித்தும் விட்டார். நிதியமைச்சர் டி.டி. கிருஷ்ணமாச்சாரி, எனக்குத் தெரியாது, எல்லாம் செயலாளர் செய்தது என்றார். செயலாளர் செய்ததற்கும் அமைச்சர்தான் பொறுப்பு என்று சாக்ளா சொல்லிவிட, 1958 பிப்ரவரியில் டி.டி.கே. விலகினார். அவர் காசு வாங்கினார் என்றெல்லாம் சாக்ளா சொல்லவில்லை. விலகியதால் குடிமுழுகியும் போகவில்லை, 1962-ல் மறுபடி அமைச்சரவைக்கு வந்துவிட்டார் (நேருவுக்கு வேண்டியவர், அதையும் சொல்லிவிட வேண்டும்).

தீர்ப்புக்குக் காத்திருந்தால் என்ன ஆகும்? ஜெயலலிதா மீதான சொத்துக்குவிப்புப் புகார் 1996-ல் கிளம்பியது. 2014-ல் தண்டனை, 2015-ல் விடுதலை. 2017-ல் உச்ச நீதிமன்றம் 2014-ன் தண்டனைத் தீர்ப்புதான் சரி என்றபோது அவர் உயிரோடு இல்லை, நடுவில் நாலு சட்டமன்றத் தேர்தல் வேறு வந்து போயிருந்தன.

கேள்வி: அப்படியானால் சட்டம் போட்டே விலக வைக்கலாமே?

பதில்: தண்டனை வந்துவிட்டால் சட்டமே பார்த்துக்கொள்கிறது. ஊழல் வழக்கில் தண்டனை எவ்வளவாக இருந்தாலும், மற்ற குற்றங்களில் இரண்டாண்டோ அதற்கு மேலோ சிறை என்றாலும் எம்.எல்.ஏ., எம்.பி. பதவி உடனே காலி, மேல்முறையீட்டைக் காட்டி ஒட்டிக்கொண்டிருந்த வழியை 2013-ல் உச்ச நீதிமன்றம் அடைத்துவிட்டது. 30 நாள் தொடர்ந்து காவலில் இருந்தாலே அமைச்சர் பதவி போய்விடும் என்று 2025 ஆகஸ்டில் ஒரு மசோதா கொண்டுவந்தார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் கைது செய்கிற அமைப்பு யார் கையில் இருக்கிறதோ அவருக்குத் தேர்தலே தேவைப்படாது, எதிராளி முதல்வரை ஒரு மாதம் உள்ளே வைத்தால் போதுமே.

கேள்வி: லோக்பால் என்ன ஆனது?

பதில்: மேலிடத்து ஊழலை விசாரிக்கிற அந்த அமைப்புக்கான சட்டம் 2013 டிசம்பரில் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது, முதல் தலைவர் வந்து உட்கார்ந்தது 2019 மார்ச்சில். தேர்வுக் குழுவுக்கு எதிர்க்கட்சித் தலைவர் இல்லையே என்று சொல்லியே அத்தனை வருடத்தையும் ஓட்டினார்கள்.