நாலு கம்பா, மூணு கம்பா?

கேள்வி: சிறுவர் படக்கதை ஒன்றுக்கு ஓவியம் வரைகிறேன். கதை 1860-களில் கமாஞ்சி, கயோவா என்ற அமெரிக்கப் பூர்வகுடி மக்களிடையே நடக்கிறது. பிற்காலத்தில் கமாஞ்சித் தலைவரான குவானா பார்க்கரும் இளைஞனாக வருகிறான். இணையத்தில் ஒருவரிடம் ‘அசல் செவ்விந்தியர் உடைகள்’ என்று 200 படங்களை 3,500 ரூபாய்க்கு வாங்கினேன். இன்னும் 5,000 கொடுத்தால் பழங்குடித் தலைவர் கையெழுத்திட்ட அனுமதிச் சான்றிதழும் தருவாராம். வாங்கலாமா? படங்களை நம்பலாமா?
– கோவை வாசகி

பதில்: சான்றிதழுக்கு ஒரு பைசா கொடுக்காதீர்கள். கமாஞ்சி மக்களுக்கு ஓக்லஹோமாவின் லாட்டன் நகரையொட்டியும், கயோவா மக்களுக்கு கார்னகி ஊரிலும் தேர்ந்தெடுக்கப்பட்ட சொந்த நிர்வாகம் இருக்கிறது. யாரோ ஒருவர் கையெழுத்துப் போட்டால் ஊராட்சித் தீர்மானம் ஆகிவிடுமா? ‘தலைவர்’ என்ற சொல்லை வைத்தே பிழைக்கும் தரகர்கள் நிறைய. எந்த மக்கள், எந்த அலுவலகம் என்று கேளுங்கள். பெரும்பாலும் பதிலே வராது.

படங்களுக்கு வருவோம். ஒவ்வொன்றிலும் எந்த மக்கள், எந்த ஆண்டு என்று எழுதியிருக்கிறதா? இல்லாதவற்றை ஒதுக்குங்கள். புகைப்படக்காரர் எட்வர்ட் கர்ட்டிஸ் எடுத்த கமாஞ்சிப் படங்கள் இருந்தால் அவையும் உதவாது. அவை பூர்வகுடிகள் பற்றிய அவருடைய நூல்வரிசையில் 1930-ல் வெளியான 19-ஆம் தொகுதியைச் சேர்ந்தவை; உங்கள் கதைக்கும் அவற்றுக்கும் இரண்டு தலைமுறை இடைவெளி. மார்பு முழுக்க மணி கோத்த சட்டை என்றால் அது வடக்கே லகோட்டா மக்களின் பாணி. கமாஞ்சி, கயோவா உடையில் மணிவேலை விளிம்போரம் மெல்லிய கோடாகத்தான் ஓடும். உடைத் தோலில் மஞ்சளோ பச்சையோ தேய்த்திருப்பார்கள். ஆண்களின் மொக்காசின் என்ற மென்தோல் காலணியில் குதிகாலிலிருந்து நீளமான தோல் இழைகள் தரையில் புரளும். முதுகுவரை தொங்கும் கழுகு இறகுத் தலையணியை எல்லோர் தலையிலும் மாட்டிவிடாதீர்கள். கௌபாய் காமிக்ஸ் பழக்கம் அது. கமாஞ்சி வீரனுக்குக் காட்டெருமைக் கொம்பு வைத்த தோல் தொப்பி பொருத்தம்.

கூடாரத்தில்தான் பலர் மாட்டிக்கொள்கிறார்கள். முதலில் மூன்று கம்புகளைக் கட்டி நிறுத்தி, மற்றவற்றை அவற்றின் மேல் சாய்ப்பது கயோவா முறை. கமாஞ்சிக்கு அடிப்படை நான்கு. தோலைப் போர்த்திய பிறகும், உச்சியில் நீட்டிக்கொண்டிருக்கும் முனைகள் விரியும் விதத்திலேயே வித்தியாசம் தெரியும். வாசல் கிழக்கு பார்த்து இருக்கட்டும்.

கதையில் சூரிய நடனம் என்ற சமயச் சடங்கு இருந்தால் அதைக் கயோவா முகாமில் வையுங்கள். கமாஞ்சிகள் அதை நடத்தியது 1874-ல் ஒரே ஒரு முறை. இரு மொழிகளுக்கும் உறவு கிடையாது. சைகை மொழியில் பேசிக்கொள்வதாகக் காட்டலாம்.

நல்ல ஆதாரம் வேண்டுமா? வில்லியம் சோல் 1869 முதல் சில ஆண்டுகள் ஓக்லஹோமாவின் ‘சில்’ கோட்டையில் எடுத்த புகைப்படங்களைத் தேடுங்கள். அவற்றைவிட மேலானவை கயோவாக்களே வரைந்தவை. 1875 முதல் 1878 வரை ஃபுளோரிடாவின் மரியன் கோட்டையில் பூர்வகுடிகள் 72 பேர் சிறை வைக்கப்பட்டார்கள். அவர்களில் ஸோட்டம், வோஹா போன்ற கயோவாக்கள் வேட்டையையும் முகாமையும் நினைவிலிருந்து தாளில் தீட்டினார்கள். குதிரை வாலை எப்படி முடிந்தார்கள், சடையை எதில் சுற்றினார்கள் என்பதெல்லாம் அதில் கிடைக்கும்.

ஒரு விஷயத்தில் மட்டும் நிதானம் வேண்டும்: ஓவியம் தீட்டிய கூடாரம். வெறும் தோல் கூடாரத்தை எத்தனை வேண்டுமானாலும் வரையுங்கள். பெரும்பாலானவை அப்படித்தான் இருந்தன. ஆனால் கயோவாக்களின் தீட்டிய கூடாரம் ஒவ்வொன்றும் ஒருவருடைய உடைமை. கனவில் கிடைத்தது, பரிசாக வந்தது, குடும்பத்தில் கைமாறியது என்று ஒவ்வொன்றுக்கும் வழி இருக்கிறது. பெயர்பெற்றது தோஹாசன் என்ற பெருந்தலைவருடையது: ஒரு பக்கம் மஞ்சளும் கறுப்புமாகப் பட்டைகள், மறுபக்கம் போர்க்காட்சிகள். 1840-ல் செயென் மக்களோடு சமாதானமான பிறகு, செயென்காரர் ஒருவர் கொடுத்த வடிவம் அது. தோஹாசன் இறந்தது 1866-ல். ஆகவே 1862-ல் அவருடைய முகாமில் அதை வரைந்தால் அது வரலாறு. அதே பட்டைகளைக் கமாஞ்சி முகாமில் வைத்தாலோ, அட்டைப்படத்துக்கு அழகாக இருக்கிறதே என்று ஒட்டினாலோ அது அடுத்தவர் வீட்டுப் பொருளை எடுப்பதுதான். முகாமில் வைப்பதற்கும் கயோவா தரப்பில் கேட்டுவிடுங்கள்.

‘காப்புரிமை காலாவதி’ என்று அந்த விற்பனையாளர் சொல்வார். சட்டப்படி சரிதான். அந்தச் சட்டத்துக்குத் தனி ஆசிரியர் தெரியும், ஆண்டுக்கணக்கு தெரியும். குடும்ப உரிமை என்பது அதன் கண்ணில் படாது. அருங்காட்சியகங்களும் எந்த மக்களுடையது என்று பிரிக்காமல் ‘தெற்குச் சமவெளி’ என்று ஒரு சீட்டை ஒட்டிக் கைகழுவியிருக்கின்றன. இதையெல்லாம் சீர்செய்யும் வேலை கடைசியில் ஓவியர் தலையில்தான் விழுகிறது.

இரண்டு நிர்வாகங்களின் அதிகாரபூர்வ இணையதளத்திலும் அருங்காட்சியக, பண்பாட்டுப் பிரிவு முகவரி இருக்கும். எந்த ஆண்டு, எந்த முகாம், எந்தப் பக்கம் என்று குறிப்பெழுதி, பென்சில் கோட்டோவியமாகவே அனுப்புங்கள். பதில் வர மாதக்கணக்கில் ஆகலாம். பதிப்பாளரோடு போடும் ஒப்பந்தத்திலேயே அந்த அவகாசத்தை எழுதி வாங்கிவிடுங்கள். வண்ணம் தீட்டி முடித்துவிட்டுக் கேட்டால் திருத்துகிற செலவு உங்களுடையது.