தூங்குகிறாள் என்று சொன்னோம், இப்போது மகன் தூங்க மறுக்கிறான்

கேள்வி: என் மனைவி நான்கு மாதங்களுக்கு முன் புற்றுநோயால் இறந்துவிட்டாள். மகனுக்கு 6 வயது, மகளுக்கு 14. "அம்மா தூங்குகிறாள்" என்று வீட்டுப் பெரியவர்கள் மகனிடம் சொல்லிவிட்டார்கள். இறுதிச் சடங்கின்போது இருவரையும் உறவினர் வீட்டுக்கு அனுப்பிவிட்டோம். இப்போது அவன் இரவில் தூங்க மறுக்கிறான். நான் கண்ணயர்ந்தால் என் இமையைப் பிரித்துப் பார்க்கிறான். படுக்கையை நனைக்கிறான். பகலிலோ ஒன்றுமே நடக்காதது போல விளையாடுகிறான். மகள் இதுவரை அழவே இல்லை. ஆனால் அவள் அம்மாவின் கைப்பேசி எண்ணுக்குத் தினமும் செய்தி அனுப்புவதைத் தற்செயலாகப் பார்த்தேன். அந்த எண்ணைத் துண்டித்துவிடலாமா? இருவரையும் மனநல மருத்துவரிடம் அழைத்துப் போக வேண்டுமா?

பதில்: அந்த இமையிலிருந்தே தொடங்குகிறேன். உங்கள் கடிதத்தில் முதலில் பதில் கேட்பது அதுதான்.

6 வயதுப் பிள்ளை சொல்லை அப்படியே எடுத்துக்கொள்வான். இடக்கரடக்கல் எல்லாம் பெரியவர்கள் பெரியவர்களுக்காக வைத்துக்கொண்டது. அம்மா தூங்கினாள், எழுந்திருக்கவில்லை, அப்புறம் அவளைக் காணவே இல்லை. அவன் கையில் இருக்கும் தகவல் இவ்வளவுதான். இதிலிருந்து அவன் போட்ட கணக்கில் பிழையே கிடையாது. தூங்கினால் ஆள் காணாமல் போய்விடுவார். அப்பா தூங்கினால் என்ன ஆகும்? நான் தூங்கினால்? அதனால் உங்கள் மகன் இரவெல்லாம் காவல் காக்கிறான். அதைப் பிடிவாதம் என்று நினைத்து அதட்டாதீர்கள். இன்று இரவும் அவன் இமையைப் பிரித்தால், அவன் கையை எடுத்து உங்கள் மார்பின் மேல் வைத்துக்கொள்ளுங்கள். "இருக்கிறேன், மூச்சு விடுகிறேன், தொட்டுப் பார்" என்று சொல்லுங்கள். கொஞ்ச நாள் உங்கள் பக்கத்திலேயே படுக்கட்டும். கெட்ட பழக்கமாகிவிடுமே என்ற கவலையைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

ஆனால் பகலில் ஒரு வேலை இருக்கிறது. அவனை உட்காரவைத்து உண்மையைச் சொல்ல வேண்டும், அதுவும் உங்கள் வாயாலேயே. ஏறக்குறைய இப்படி: "அம்மாவுக்குப் புற்றுநோய் என்று ஒரு பெரிய நோய் வந்தது. மருத்துவர்கள் எவ்வளவோ செய்து பார்த்தார்கள். முடியவில்லை. அம்மாவின் உடம்பு வேலை செய்வது நின்றுவிட்டது. அம்மா இறந்துவிட்டாள். இறந்தவர்களுக்குப் பசிக்காது, வலிக்காது, அவர்கள் மூச்சு விட மாட்டார்கள். திரும்பி வரவும் முடியாது. தூங்குகிறாள் என்று உன்னிடம் சொன்னது தவறு. தூங்குகிறவர்கள் காலையில் எழுந்துவிடுவார்கள். இது வேறு." அந்த 'தவறு' என்ற சொல்லை விழுங்கிவிடாதீர்கள். பெரியவர்கள் சொன்னதைத் திருத்துவது மரியாதைக் குறைவு என்று உங்களுக்குத் தோன்றலாம். அவனுக்கு அது பெரிய விடுதலை. வீட்டில் மற்றவர்களும் இனி இதையே சொல்ல வேண்டும். ஒருவர் இறந்துவிட்டாள் என்றும் இன்னொருவர் ஊருக்குப் போயிருக்கிறாள் என்றும் சொன்னால், அவன் தனக்குப் பிடித்ததை நம்பிக்கொண்டு வாசலைப் பார்த்துக்கொண்டிருப்பான்.

"நல்லவர்களைக் கடவுள் சீக்கிரம் கூப்பிட்டுக்கொள்வார்" என்பதும் ஆபத்தான ஆறுதல். கேட்கிற குழந்தை இனி நல்லவனாக இருக்கக் கூடாது என்று முடிவெடுத்துவிடலாம். உங்களுக்கு இறை நம்பிக்கை இருந்தால் தாராளமாகச் சொல்லுங்கள், ஆனால் உடம்புக்கு என்ன ஆனது என்பதைச் சொல்லி முடித்த பிறகு.

ஒரு தடவை சொன்னால் போதாது. இறந்தவர் திரும்ப மாட்டார், எல்லா உயிரும் ஒரு நாள் இறக்கும், உடம்பின் எல்லா வேலையும் நின்றுவிடும் ஆகியவை தனித்தனிப் பாடங்கள். 1948இல் மரியா நாஜ் என்ற ஆய்வாளர் ஹங்கேரிக் குழந்தைகளிடம் பேசி எழுதிய ஆய்விலேயே, 5 வயதுக்கு உட்பட்டவர்கள் சாவை ஒரு பயணமாகவோ தூக்கமாகவோதான் புரிந்துகொண்டிருந்தார்கள். பெரும்பாலான குழந்தைகளுக்கு 5 முதல் 7 வயதுக்குள் இவை ஒவ்வொன்றாகப் பிடிபடும். உங்கள் மகன் அந்த வாசற்படியில் நிற்கிறான். நீங்கள் எல்லாம் சொல்லி முடித்த பிறகு, "சரி, என் பிறந்தநாளுக்கு அம்மா வருவாளா?" என்று கேட்பான். கேட்கும்போது உங்களுக்கு நெஞ்சு அடைக்கும். அதே பதிலை அதே சொற்களில் திரும்பச் சொல்லுங்கள். பத்தாவது முறையும்.

குழந்தைகள் வாய்விட்டுக் கேட்காமல் மனதில் வைத்துக்கொள்ளும் கேள்விகளும் உண்டு. என்னால்தான் அம்மா செத்தாளா என்பது அதில் முதலாவது. என்றோ ஒரு நாள் கோபத்தில் "போ, நீ வேண்டாம்" என்று சொல்லியிருப்பான். நினைத்தது நடந்துவிடும் என்று நம்புகிற வயது அது. அவன் கேட்கும்வரை காத்திருக்காமல், "நீ சொன்னதாலோ செய்ததாலோ நினைத்ததாலோ இது வரவில்லை" என்று நீங்களே சொல்லிவிடுங்கள். புற்றுநோய் சளி போல ஒருவரிடமிருந்து ஒருவருக்கு ஒட்டாது என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள், இல்லையென்றால் அடுத்த முறை உங்களுக்குக் காய்ச்சல் வரும்போது அவன் நடுங்கிப்போவான். "அப்பா, நீயும் செத்துப்போவாயா?" என்றால், மாட்டேன் என்று சத்தியம் செய்யாதீர்கள். ஒரு முறை பொய் கேட்டுவிட்டவன் அவன். "எல்லோரும் ஒரு நாள் இறப்போம். அப்பா இப்போது நன்றாக இருக்கிறேன். நீ வளர்ந்து பெரியவனாகும்வரை இருப்பேன் என்றுதான் நினைக்கிறேன். எனக்கு ஏதாவது ஆனாலும் உங்கள் இருவரையும் இன்னார் பார்த்துக்கொள்வார்" என்று சொல்லுங்கள். அந்த இன்னார் யார் என்று முன்கூட்டியே முடிவு செய்து, அவரிடமும் பேசிவிட்டுப் பெயரைச் சொல்லுங்கள்.

பகலில் அவன் விளையாடுவதைப் பார்த்து யாராவது, "தாய் போன துக்கமே இவனுக்கு இல்லை" என்றால் அவரை அறைக்கு வெளியே அழைத்துப் போய்ப் பேசுங்கள். தண்ணீருக்குள் முங்கும் சிறுவன் மூச்சு தாங்குகிற மட்டும் உள்ளே இருந்துவிட்டு மேலே வந்துவிடுவான். இந்த வயதில் துக்கமும் அப்படித்தான். அரை மணி நேரம் கேவி அழுதவன் அடுத்த நிமிடம் பந்தை எடுத்துக்கொண்டு ஓடுவான். பொம்மையைப் படுக்கவைத்துப் போர்த்தி, செத்துவிட்டது என்று விளையாடினாலும் தடுக்காதீர்கள்.

படுக்கை நனைவதைப் பற்றி: பெரிய இழப்புக்குப் பிறகு குழந்தைகள் ஓரிரு வயது பின்னுக்குப் போவது சகஜம். விரல் சப்புவது, மழலை பேசுவது, ஊட்டிவிடச் சொல்வது எல்லாம் இதில் சேரும். திட்டாமல் விரிப்பை மாற்றிவிட்டுத் திரும்பப் படுங்கள். ஆனால் சிறுநீர் கழிக்கும்போது எரிச்சல், காய்ச்சல், ஓயாத தாகம், எடை குறைவு இவற்றில் ஏதாவது இருந்தால் உடனே குழந்தைநல மருத்துவரிடம் காட்டி, சிறுநீர்த் தொற்றும் சர்க்கரை நோயும் இல்லை என்று உறுதிப்படுத்திக்கொள்ளுங்கள். எல்லாவற்றையும் மனதின் மேல் போட்டுவிட்டு உடம்பைக் கோட்டைவிட்ட கதைகள் எங்கள் தொழிலில் உண்டு.

இனி மகள். 14 வயதில் சாவு என்றால் என்னவென்று அவளுக்கு முழுதாகத் தெரியும். தெரிந்துதான் அழாமல் இருக்கிறாள். உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். மகன் தூங்கவில்லை, மகள் அழவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். உங்களைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டு அழுகிறீர்களோ என்னவோ, எனக்குத் தெரியாது. இந்த வீட்டில் யாரும் யார் முன்னாலும் அழக் கூடாது என்ற விதியை அவள் உங்களிடமிருந்து கற்றிருக்கலாம். நான் அழுதால் அப்பா உடைந்துவிடுவார் என்று அவளும், நான் அழுதால் பிள்ளைகள் உடைந்துவிடுவார்கள் என்று நீங்களும் ஆளுக்கொரு சுவரைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறீர்கள். முதல் செங்கலைப் பெரியவர்தான் உருவ வேண்டும். "இன்று அம்மாவின் நினைவு தாங்கவில்லை" என்று மகள் காதில் விழும்படி ஒரு முறை சொல்லுங்கள். கண் கலங்கினால் கலங்கட்டும். பதிலுக்கு அவளிடமிருந்து எதையும் எதிர்பார்க்காதீர்கள். பதின்வயதினர் நேருக்கு நேர் உட்கார்ந்து பேசுவதைவிட, துணி மடிக்கும்போதும் வண்டியில் போகும்போதும்தான் அதிகம் பேசுவார்கள்.

இன்னொன்றும் சந்தேகிக்கிறேன். "இனி நீதான் தம்பிக்கு அம்மா" என்று யாராவது அவளிடம் சொல்லியிருக்கலாம். துக்கம் கேட்க வந்தவர்கள் வாயில் மிகச் சுலபமாக வருகிற வாக்கியம் அது. சொல்லியிருந்தால் அதை நீங்கள் ரத்து செய்யுங்கள். தம்பிக்குப் பாடம் சொல்லித் தரலாம், வீட்டு வேலையில் கைகொடுக்கலாம். அம்மா வேலை அவளுடையதாக வேண்டாம். அவளே அம்மாவை இழந்தவள்.

அந்த எண்ணைத் துண்டிக்காதீர்கள். இறந்தவரோடு பேசுவது நோய்க்குறி கிடையாது. இறந்தவர் மீதுள்ள பற்றைக் கொஞ்சம் கொஞ்சமாக விலக்கிக்கொள்வதே துக்கத்தின் வேலை என்று 1917இல் சிக்மண்ட் ஃப்ராய்ட் எழுதினார். எங்கள் துறையும் வெகுகாலம் அந்தத் தடத்திலேயே போனது. 1996இல் கிளாஸ், சில்வர்மன், நிக்மன் என்ற மூன்று ஆய்வாளர்கள் அதை மறுத்து, இறந்தவரோடு உள்ள உறவு வடிவம் மாறித் தொடர்வது இயல்பு என்று வாதிட்டார்கள். பெற்றோரை இழந்த பிள்ளைகளைப் பார்த்துவரும் எனக்கு இவர்கள் பக்கம்தான் நியாயம் இருப்பதாகப் படுகிறது. நடைமுறையில் ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். பயன்பாட்டில் இல்லாத எண்ணை நிறுவனம் சில காலத்துக்குப் பின் வேறொருவருக்குக் கொடுத்துவிடும். ஒரு நாள் அம்மாவின் எண்ணிலிருந்து "யார் நீங்கள்?" என்று பதில் வந்தால் அந்தப் பெண் என்ன ஆவாள்? ஆகவே எண்ணை உயிரோடு வைத்திருங்கள். என்றைக்காவது நிறுத்த வேண்டி வந்தால் அவளிடம் கேட்டுவிட்டு நிறுத்துங்கள். செய்திகளைத் திறந்து படிக்காதீர்கள். பார்த்துவிட்டதை மட்டும் ஒத்துக்கொள்ளுங்கள்: "தெரியாமல் பார்த்துவிட்டேன், இனி பார்க்க மாட்டேன்."

இறுதிச் சடங்குக்கு அவர்களை அழைத்துப் போகாதது பற்றிக் கடிதத்தில் ஒரு தயக்கம் தெரிகிறது. அங்கே என்ன நடக்கும் என்று முன்பே விளக்கி, வர விருப்பமா என்று கேட்டு, கூடவே ஒரு பெரியவரைத் துணைக்கு வைத்திருந்தால் குழந்தைகள் பெரும்பாலும் அதைத் தாங்கிக்கொள்வார்கள். போனது போகட்டும். விடைபெற இன்னொரு நாளை நீங்களே குறிக்கலாம். என்ன செய்யலாம் என்பதை அவர்கள் இருவரும் சொல்லட்டும்.

வகுப்பு ஆசிரியர்களுக்கு விஷயம் தெரிந்திருக்க வேண்டும். மகள் விஷயத்தில், யாருக்குச் சொல்லலாம், எப்படிச் சொல்லலாம் என்று முதலில் அவளைக் கேளுங்கள். துக்கத்துக்கு ஐந்து படிகள் உண்டு என்று யாராவது உங்களுக்கு அனுப்பிவைத்தால் படித்துவிட்டு மறந்துவிடுங்கள். 1969இல் எலிசபெத் கூப்ளர்-ராஸ் என்ற மனநல மருத்துவர் அதை எழுதியது சாகும் தறுவாயில் இருந்த நோயாளிகளோடு பேசித்தான், உறவை இழந்தவர்களோடு பேசி அல்ல.

மனநல மருத்துவரிடம் போக வேண்டுமா என்பது உங்கள் கடைசிக் கேள்வி. தாயையோ தந்தையையோ இழந்த, 70 குடும்பங்களைச் சேர்ந்த 125 பிள்ளைகளை ஹார்வர்டு ஆய்வு ஒன்று இரண்டு ஆண்டுகள் பின்தொடர்ந்தது. பெரும்பாலானவர்கள் தேறிவிட்டார்கள். ஏறக்குறைய ஐந்தில் ஒருவருக்குக் கடுமையான சிக்கல்கள் இருந்தன, அதிலும் சிலருக்கு அவை இரண்டாம் ஆண்டில்தான் வெளிப்பட்டன. ஆகவே நான்காவது மாதத்தில் அவசரப்படவும் வேண்டாம், ஆண்டு நிறைவோடு எல்லாம் முடிந்தது என்று இருந்துவிடவும் வேண்டாம். ஆறு மாதங்கள் கடந்தும் ஏக்கம் தணியாமல், படிப்பும் நட்பும் அன்றாடமும் முடங்கியே கிடந்தால் கட்டாயம் காட்டுங்கள். சிலவற்றுக்கு ஒரு நாள்கூடக் காத்திருக்கக் கூடாது: சாவதைப் பற்றிப் பேசுவது, தன்னைத்தானே காயப்படுத்திக்கொள்வது, சாப்பாட்டை விட்டுவிடுவது, மது அல்லது போதை. "நானும் அம்மாவிடம் போகிறேன்" என்று மகன் சொன்னால் பெரும்பாலும் அதற்கு அம்மாவைப் பார்க்க வேண்டும் என்பதுதான் பொருள், ஆனாலும் என்ன நினைத்துச் சொன்னான் என்று கேளுங்கள். மகள் சொன்னால், "சாக வேண்டும் என்று தோன்றுகிறதா?" என்று நேராகவே கேளுங்கள். கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக முளைத்துவிடாது. ஆம் என்றால் அவளைத் தனியே விடாமல் அன்றே அழைத்துப் போங்கள்.

மூன்று பேரில் முதலில் யார் போக வேண்டும் என்று என்னைக் கேட்டால், நீங்கள்தான் என்பேன். பிள்ளைகள் எப்படித் தேறுகிறார்கள் என்பது, மிஞ்சியிருக்கும் பெற்றவர் எப்படி இருக்கிறார் என்பதைப் பெரிதும் பொறுத்தது. நான்கு மாதமாக இரவில் இமையைப் பிரித்து எழுப்பப்படுகிறவர் நீங்கள். நேரம் வாங்கிக்கொண்டு, போவதற்கு முன் மகளிடம் சொல்லிவிட்டுப் போங்கள்: "அப்பாவுக்கு மனது சரியில்லை, மருத்துவரைப் பார்க்கப் போகிறேன். ஆறு மணிக்கு வந்துவிடுவேன்." ஆறு மணிக்கு வந்துவிடுங்கள்.