தாலி கட்டும் நேரத்தில் பந்தி ஏன் வருகிறது? வீடியோ கோப்புப் பெயர்களைப் படிக்கும் வழி

கேள்வி: அண்ணன் கல்யாண வீடியோவை எடிட் செய்யாமல் அப்படியே ஹார்டு டிஸ்கில் வாங்கி வைத்திருக்கிறோம். ஜிஎக்ஸ்010034, ஜிஎக்ஸ்010035, ஜிஎக்ஸ்020034, எம்விஐ_0456 என்றெல்லாம் பெயர்கள். பெயர் வரிசையில் ஓட்டினால் தாலி கட்டுவதற்கு நடுவே பந்தி வந்துவிடுகிறது. எதற்கு அப்புறம் எதைப் பார்ப்பது?

பதில்: ஜிஎக்ஸ் என்று தொடங்குபவை கோப்ரோ கேமராவில் எடுத்தவை. நிறுத்தாமல் எடுக்கும் நீளமான பதிவை அந்தக் கேமரா துண்டு துண்டாகச் சேமிக்கும். ஜிஎக்ஸ்-க்கு அடுத்த இரண்டு இலக்கங்கள் துண்டின் எண். கடைசி நான்குதான் பதிவின் எண். ஆக 010034 முடிந்ததும் 020034, இருந்தால் 030034, அதன் பிறகே 010035. கணினியோ இடமிருந்து வலமாகப் படித்து, எல்லா 01-களையும் முன்னால் அடுக்கிவிடுகிறது. பந்தி நடுவில் புகுந்தது அப்படித்தான்.

அந்த ‘எக்ஸ்’ ஹெச்இவிசி முறையில் சுருக்கியதைக் குறிக்கும். பழைய கணினியில் படம் திக்கினாலோ ஓடாவிட்டாலோ விஎல்சி பிளேயரில் போட்டுப் பாருங்கள். ஜிஹெச் என்றிருந்தால் பெரும்பாலும் எதிலும் ஓடும்.

எம்விஐ கேனான் கேமராவின் வீடியோ. நான்கு எழுத்து (அடிக்கோட்டையும் சேர்த்து), நான்கு இலக்கம் என்பது ஜப்பானில் 1998-இல் வந்த டிசிஎஃப் விதி, அதாவது கேமரா கோப்புகளுக்குப் பெயர் வைக்கும் முறை. எண் 9999-ஐத் தொட்டதும் மறுபடி 0001-க்குப் போகும். அதனால் ஒரே பெயரில் இரண்டு கோப்புகள் இருக்கலாம். எல்லாவற்றையும் ஒரே ஃபோல்டரில் கொட்டாதீர்கள், ஒன்றன் மேல் ஒன்று பதிந்து அழிந்துவிடக்கூடும்.

ஒரு கேமராவின் எண்ணுக்கும் இன்னொன்றின் எண்ணுக்கும் சம்பந்தமே இல்லை. இரண்டையும் இணைக்க விண்டோஸில் ‘மீடியா கிரியேட்டட்’ நேரத்தைப் பாருங்கள். வெறும் ‘கிரியேட்டட்’ நீங்கள் காப்பி செய்த நேரத்தைத்தான் காட்டும். கேமரா கடிகாரங்களும் ஒத்துப்போவது அபூர்வம். தாலி கட்டும் நொடி இரண்டிலும் எத்தனை மணிக்கு வருகிறது என்று பார்த்து, அந்த வித்தியாசத்தை மற்றவற்றுக்கும் கூட்டிக் கழித்துக்கொள்ளுங்கள்.

உறவினர்கள் போனில் எடுத்ததும் சேர்ந்திருந்தால்: பிக்சல் போன் கோப்புப் பெயரில் வைப்பது இந்திய நேரம் இல்லை, உலகப் பொது நேரம் (யுடிசி). பிஎக்ஸ்எல் தேதிக்குப் பின் 012530 என்றிருந்தால் ஐந்தரை மணி நேரம் கூட்டுங்கள், காலை 6.55. டபிள்யூஏ என்று வரும் வாட்ஸ்அப் கோப்பில் உள்ள தேதி எடுத்த நாள் அல்ல, போனுக்கு வந்த நாள். முடிந்தால் எடுத்தவரிடமே அசல் கோப்பைக் கேட்டு வாங்குங்கள். படமும் தெளிவாக இருக்கும்.