ரூ.25,000-க்குள் எலெக்ட்ரிக் கிட்டார் செட்: எதைப் பார்த்து வாங்குவது?

முதல் எலெக்ட்ரிக் கிட்டாரை வாங்கப்போகிறவர்களும், வாங்கிவிட்டுத் தவிப்பவர்களும் அனுப்பிய கேள்விகளில் சிலவற்றுக்கு இந்த இதழில் பதில் தருகிறோம்.

மகன் எலெக்ட்ரிக் கிட்டார் கேட்கிறான். ஆன்லைனில் ஆம்ப் (ஒலியைப் பெருக்கும் ஸ்பீக்கர் பெட்டி), பை, ஸ்ட்ராப், ட்யூனர் என்று 12 பொருள்களோடு ஒரு செட் 9,000 ரூபாய்க்கு வருகிறது. கடையில் கிட்டார் மட்டுமே அதைப்போல இரண்டு மடங்கு சொல்கிறார்கள். 25,000 வரை செலவு செய்யலாம். எதை வாங்குவது? (வாசகர், ஈரோடு)

பெட்டிக்குள் எத்தனை பொருள் என்று எண்ணாதீர்கள். அந்தப் பன்னிரண்டில் பிக், ஆலன் கீ, துடைக்கிற துணி, ஒற்றை உபரிக் கம்பி எல்லாமே ஒவ்வொரு பொருளாகக் கணக்கில் ஏறியிருக்கும். பெயர் தெரியாத செட்டில் விலையைக் குறைக்கும்போது முதலில் அடிபடுபவை கண்ணில் படாத மூன்று வேலைகள்: நெக்கின் (கழுத்தின்) குறுக்கே பதித்த உலோகக் கட்டைகளான ஃப்ரெட்டுகளை ஒரே மட்டத்துக்குக் கொண்டுவருவது, நெக்கின் தலைமாட்டில் கம்பிகளைத் தாங்கும் நட்டில் கம்பி உட்காரும் வெட்டு, கம்பியை முறுக்கும் ட்யூனிங் கீ. வீணையில் பிருடை வழுக்கினால் என்ன ஆகுமோ அதேதான் இங்கேயும். பையன் சரியான இடத்தில் விரல் வைத்தாலும் சுருதி பிசகும். கிட்டாரில்தான் குறை என்று அவனுக்குத் தெரியாது. தனக்கு இசை வராது என்று முடிவுகட்டிக் கிட்டாரை மூலையில் வைத்துவிடுவான். இது நடக்கவே கூடாது.

ஆகவே 25,000-ல் 16,000 முதல் 17,000 வரை கிட்டாருக்கு ஒதுக்குங்கள். ஆம்புக்கு 6,000 போதும். மீதியில் 3 மீட்டர் கேபிள், ஸ்ட்ராப், ஒரு செட் உபரிக் கம்பி, முக்கியமாக ‘செட்டப்’ கூலி. நெக் வளைவு, கம்பி உயரம், சுருதித் திருத்தம் மூன்றையும் கைதேர்ந்தவர் ஒருமுறை சரிசெய்து கொடுத்தால் சாதாரணக் கிட்டாரும் கைக்கு இதமாகிவிடும். யமஹா பசிஃபிகா 012, ஸ்க்வையர் சோனிக், ஐபனெஸ் ஜியோ வரிசைகளில் தேடுங்கள். விலை கடைக்குக் கடை மாறும். பட்ஜெட்டைத் தாண்டினால் இதே மாடல்களைப் பழையதாக வாங்கலாம். அது பெயரில்லாப் புதுசை விட நல்லது. யமஹாவும் ஸ்க்வையரும் ஆம்போடு சேர்த்தே செட் விற்பதுண்டு. அவற்றைத் தாராளமாக வாங்கலாம், உள்ளே இருக்கும் கிட்டாரின் மாடல் பெயரைச் சரிபார்த்துவிட்டு. ஆம்ப் சுமாராக இருந்தால் பிறகு மாற்றிக்கொள்ளலாம்.

கம்பியின் அதிர்வை மின்சாரமாக்கும் பிக்கப் விஷயத்தில் குழப்பம் வேண்டாம். பிரிட்ஜ் (பாடியில் கம்பிகள் உட்காரும் தாங்கி) பக்கம் ஒரு ஹம்பக்கரும் (இரண்டு காயில் உள்ள பிக்கப்) மற்ற இரண்டும் சிங்கிள் காயிலுமாக வரும் கிட்டாரில் மென்மையான பாட்டும் வாசிக்கலாம், கனமான ராக்கும் வாசிக்கலாம். பசிஃபிகா 012 இந்த வகைதான். ஃபிளாய்ட் ரோஸ் என்ற பூட்டுப்போட்ட டிரெமலோ (கைப்பிடியால் பிரிட்ஜை ஆட்டிச் சுருதியை அசைக்கும் அமைப்பு) உள்ளதை மட்டும் இப்போது தொடாதீர்கள். ஒரு கம்பி மாற்றினால் ஆறு கம்பியையும் மறுபடி சுருதி சேர்க்க வேண்டியிருக்கும்.

விவரப் பட்டியலில் ஃபிங்கர்போர்டு (விரல் வைக்கும் பலகை) மரம் ‘இந்தியன் லாரல்’ என்று இருந்தால் தயங்க வேண்டாம். அது நம் கருமருது மரம். 2017-ல் ரோஸ்வுட் வணிகத்துக்கு சர்வதேசக் கட்டுப்பாடு வந்தபோது பல நிறுவனங்கள் வேறு மரங்களுக்கு மாறின. அப்படி வந்ததுதான் இதுவும். தரத்தில் குறையில்லை.

கடையில் போய் நின்றால், வாசிக்கவே தெரியாத எனக்கு எதைச் சோதிப்பது என்று புரியவில்லை. (கல்லூரி மாணவி, தஞ்சாவூர்)

வாசிக்கத் தெரியாமலேயே சோதிக்கலாம். ஒரு விசிட்டிங் கார்டு, அரை மில்லிமீட்டர் கோடுள்ள ஸ்டீல் ஸ்கேல், செல்போனில் ஒரு ட்யூனர் ஆப் எடுத்துப் போங்கள். முதல் வேலையாக இ, ஏ, டி, ஜி, பி, இ என்று ட்யூன் செய்து தரச் சொல்லுங்கள். கம்பியின் இழுவைதான் நெக்கை வளைக்கிறது. இழுவை சரியில்லாதபோது அளந்தால் அளவு தப்பு.

தடித்த கம்பியை முதல் ஃப்ரெட்டிலும் கடைசி ஃப்ரெட்டிலும் ஒரே நேரத்தில் அழுத்துங்கள். துணைக்கு வந்தவர் ஒரு பக்கம் அழுத்தலாம். இப்போது 8-ஆம் ஃப்ரெட்டின் தலைக்கும் கம்பிக்கும் நடுவே எவ்வளவு இடைவெளி? கால் மில்லிமீட்டர், அதாவது விசிட்டிங் கார்டு உரசிக்கொண்டு நுழையும் அளவு இருந்தால் நெக் நன்றாக இருக்கிறது. இடைவெளியே இல்லையென்றால் நெக் பின்பக்கம் வளைந்திருக்கிறது, கீழ் ஃப்ரெட்டுகளில் கரகரக்கும். ஒரு ரூபாய் நாணயம் நுழைகிற அளவு இருந்தால் முன்பக்கம் அதிகமாக வளைந்திருக்கிறது. இரண்டையும் நெக்கின் உள்ளே ஓடும் ட்ரஸ் ராடை (இரும்புத் தண்டை) கால் சுற்று, கால் சுற்றாகத் திருப்பிச் சரிசெய்யலாம். கடைக்காரரையே செய்யச் சொல்லுங்கள். திருகு அசையவே மறுத்தால் அந்தக் கிட்டார் வேண்டாம்.

அடுத்தது நட். பலரும் விட்டுவிடுவது இதைத்தான். புதிதாகக் கற்பவருக்கு எல்லாவற்றையும் விட முக்கியமானதும் இதுதான், ஏனென்றால் முதல் சில மாதம் அவர் விரல்கள் முதல் மூன்று ஃப்ரெட்டைத் தாண்டாது. ஒவ்வொரு கம்பியையும் 3-ஆம் ஃப்ரெட்டில் அழுத்திக்கொண்டு முதல் ஃப்ரெட்டின் மேல் பாருங்கள். தலைமுடி அளவு இடைவெளி தெரிய வேண்டும். அந்த இடத்தில் கம்பியை நகத்தால் தட்டினால் ‘டிக்’ என்று மெல்லிசாகக் கேட்கும். அதைவிட அதிகம் தூக்கியிருந்தால் எஃப் கார்டு பிடிக்கும்போது விரல் நோகும், அழுத்திய ஸ்வரமும் சற்று ஏறிக் கேட்கும். வெட்டை ஆழப்படுத்துவது நட் அரம் வைத்திருக்கும் கைவினைஞரின் வேலை. கூடுதலாக ஒரு தடவை அரம் போட்டால் வெறும் கம்பியே கரகரக்கும், பிறகு நட்டையே மாற்ற வேண்டிவரும்.

17-ஆம் ஃப்ரெட்டில் கம்பியின் அடிக்கும் ஃப்ரெட்டின் தலைக்கும் நடுவே ஸ்கேல் வைத்துப் பாருங்கள். ஃபெண்டர் சொல்லும் அளவு 1.6 மில்லிமீட்டர். 2 மில்லிமீட்டர் வரை இருக்கலாம். 3 என்றால் கை வலிக்கும். பிரிட்ஜில் ஒவ்வொரு கம்பியையும் தாங்கும் சேடிலின் திருகுகளை இறக்கித் தரச் சொல்லுங்கள்.

பிறகு 6 கம்பி, 22 ஃப்ரெட் உள்ள கிட்டார் என்றால் 132 ஸ்வரங்களையும் ஒவ்வொன்றாக அழுத்தித் தட்டுங்கள். ஐந்து நிமிடம்தான் ஆகும், வெட்கப்படாதீர்கள். ஒரே ஒரு இடத்தில் மட்டும் சத்தம் செத்துப்போனால் அடுத்த ஃப்ரெட் தூக்கிக்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். அதே மாடலில் வேறு கிட்டாரைக் கேளுங்கள்.

கடைசியாகச் சுருதி. 12-ஆம் ஃப்ரெட்டின் நேர்மேலே கம்பியைத் தொட்டும் தொடாமலும் விரலை வைத்துத் தட்டினால் மணிபோல் ஒரு ஹார்மோனிக் வரும். அதையும், அதே இடத்தில் அழுத்தி வாசித்த ஸ்வரத்தையும் ஆப்பில் ஒப்பிடுங்கள். அழுத்தியது ஏறியிருந்தால் சேடிலைப் பின்னுக்கு நகர்த்த வேண்டும், இறங்கியிருந்தால் முன்னுக்கு. சேடில் ஏற்கெனவே திருகின் கடைசி முனையில் நிற்கிறதா என்று மட்டும் பாருங்கள். நின்றால் இனி நகர்த்த இடமில்லை.

ஆம்பில் இணைத்து பிக்கப் சுவிட்சின் எல்லா நிலைகளையும் தட்டுங்கள், குமிழ்களைத் திருகுங்கள், கேபிள் நுழையும் ஜாக்கை லேசாக ஆட்டுங்கள். குமிழில் வரும் கரகரப்பு கான்டாக்ட் கிளீனரில் போய்விடும். ஜாக்கை ஆட்டும்போது சத்தம் விட்டுவிட்டு வந்தால் சாலிடர் விட்டிருக்கலாம்.

வாங்கி இரண்டு வாரம்தான் ஆகிறது. காலையில் ட்யூன் செய்தால் மாலையில் இறங்கிவிடுகிறது. டிரெமலோ கைப்பிடியை அழுத்தினால் மொத்தமும் போய்விடுகிறது. கிட்டாரை மாற்றித் தரச் சொல்லலாமா? (வாசகர், மதுரை)

அவசரப்படாதீர்கள். புதுக் கம்பி நீளும். ஒவ்வொரு கம்பியையும் 12-ஆம் ஃப்ரெட் அருகே ஒரு சென்டிமீட்டர் மெதுவாகத் தூக்கி இழுத்து, மறுபடி ட்யூன் செய்யுங்கள். நாலைந்து முறை செய்தால் இறங்குவது நிற்கும். ட்யூனிங் கீயில் கம்பி இரண்டு மூன்று சுற்று, ஒன்றன்மேல் ஒன்று ஏறாமல் கீழ்நோக்கி இறங்கியிருக்க வேண்டும். ஏழெட்டுச் சுற்று பந்தாகச் சுற்றியிருந்தால் அது இறுகிக்கொண்டே போகும், சுருதி நிற்காது. சுருதி ஏறிவிட்டால் இறக்கி அப்படியே நிறுத்தாதீர்கள். கொஞ்சம் அதிகமாகவே இறக்கி, மேலே ஏற்றி நிறுத்துங்கள்.

கீயைத் திருகும்போது ‘டிங்’ என்று ஒரு துள்ளல் சத்தம் வந்தால் கம்பி நட்டில் சிக்குகிறது. பென்சிலைக் கூராகச் சீவி அந்த வெட்டுக்குள் தேயுங்கள். பென்சிலின் கரி வழவழப்பைத் தரும்.

டிரெமலோவை இப்போதைக்கு ஓய்வில் வையுங்கள். கைப்பிடியைக் கழற்றுங்கள், பின்பக்க மூடியைத் திறங்கள். ஸ்பிரிங்குகளைப் பிடித்திருக்கும் தகட்டில் இரண்டு நீளத் திருகுகள் தெரியும். கம்பிகளைத் தளர்த்திவிட்டு, இரண்டையும் மாற்றி மாற்றி அரைச் சுற்றாக உள்ளே முடுக்குங்கள். திரும்ப ட்யூன் செய்தபின் பிரிட்ஜ் தகடு பாடியோடு ஒட்டி நிற்க வேண்டும். தூக்கினால் இன்னும் கொஞ்சம் முடுக்குங்கள், மூன்று ஸ்பிரிங்தான் இருந்தால் ஒன்று கூடச் சேருங்கள். பிரிட்ஜ் உட்கார்ந்ததும் கம்பி உயரத்தையும் சுருதியையும் மறுபடி சோதிக்க மறவாதீர்கள். இத்தனைக்குப் பிறகும் ஒரு கம்பி மட்டும் தனியாக வழுக்கினால் கீயில்தான் பழுது. அப்போது கடைக்காரரிடம் கேளுங்கள்.

ஆம்பைப் போட்டதும் ‘உர்ர்’ என்று ஓயாத இரைச்சல். (வாசகர், நெய்வேலி)

சிங்கிள் காயில் பிக்கப் ஆன்டெனா மாதிரி. வீட்டு மின்சாரத்தின் 50 ஹெர்ட்ஸை இழுத்துக்கொள்ளும். சோக் வைத்த டியூப் லைட், ஃபேன் ரெகுலேட்டர், சார்ஜர் எல்லாம் இதைக் கூட்டும். கிட்டாரோடு மெல்லத் திரும்பிப் பாருங்கள், ஒரு திசையில் இரைச்சல் குறையும். இதற்காகவே 1955-ல் கிப்சன் நிறுவனத்தின் சேத் லவர் இரண்டு காயிலை எதிரெதிராக இணைத்து ஹம்பக்கரை உருவாக்கினார்.

கம்பியைத் தொட்டதும் இரைச்சல் குறைந்தால் கிட்டாரின் வயரிங் சரி. தொட்டால் கூடுகிறது என்றால் எர்த் இணைப்பைப் பார்க்க வேண்டும். தொட்டதும் கையில் சுர்ரென்று இழுத்தால் உடனே பிளக்கைப் பிடுங்குங்கள். எலெக்ட்ரீஷியனை வைத்து வீட்டு எர்த்தையும் ஆம்பையும் சோதிக்கும்வரை வாசிக்கவே வேண்டாம். மூன்று பின் பிளக்கின் எர்த் பின்னை ஒடித்துவிட்டு இரண்டு பின்னில் செருகுவது உயிருக்கு ஆபத்து.

ஆம்புக்குப் பதிலாக ஹோம் தியேட்டரில் செருகலாமா? அபார்ட்மென்டில் 10 வாட் அதிகமா? (வாசகர், சென்னை)

ஹோம் தியேட்டரில் சத்தம் வரும், ஆனால் சோகையாக வரும். கிட்டார் பிக்கப்புக்கு 1 மெகாஓம் அளவு உள்ள இன்புட் தேவை. மற்ற ஆடியோ இன்புட்டுகள் அதைவிட மிகக் குறைவு, மேல்ஸ்தாயியின் பளிச்சை விழுங்கிவிடும். கம்ப்யூட்டர் இருந்தால் ‘இன்ஸ்ட்ருமென்ட்’ இன்புட் உள்ள ஆடியோ இன்டர்ஃபேஸ் (கிட்டாரைக் கம்ப்யூட்டரோடு இணைக்கும் கருவி) வாங்கிக்கொள்ளலாம்.

10 வாட் வீட்டுக்குத் தாராளம். ஃபெண்டர் ஃப்ரன்ட்மேன் 10ஜி-யில் 6 அங்குல ஸ்பீக்கரும் ஹெட்ஃபோன் துளையும் உண்டு. பாஸ் கட்டானா மினி 7 வாட், 6 டபுள் ஏ பேட்டரியில் ஓடும், மின்வெட்டில் உதவும். எதை வாங்கினாலும் ஹெட்ஃபோன் துளை இல்லாததை வாங்காதீர்கள். இரவு ஒன்பது மணிக்கு மேல் பயிற்சி செய்வதற்கு வேறு வழியில்லை.

ஒன்பது வயது மகளுக்கு முழு அளவு கிட்டார் சரிவருமா? (வாசகி, திருநெல்வேலி)

பெரும்பாலும் பெரிதாக இருக்கும். சாதாரண ஸ்ட்ராட்டில் (ஸ்ட்ராட்டோகாஸ்டர் என்ற மாடல்) நட்டிலிருந்து பிரிட்ஜ் வரை 25.5 அங்குலம். ஸ்க்வையர் மினி ஸ்ட்ராட்டில் அது 22.75, ஐபனெஸ் மைக்ரோவில் 22.2. உட்கார்ந்து பிடித்து முதல் ஃப்ரெட்டை முழங்கையை முழுதாக நீட்டாமல் எட்ட முடிகிறதா என்று கடையில் பாருங்கள். முதலில் அகூஸ்டிக் கற்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. எலெக்ட்ரிக்கின் மெல்லிய கம்பிதான் பிஞ்சு விரலுக்கு இதம்.

வீட்டில் வாய்ப்பாட்டு கற்றவன். எலெக்ட்ரிக் கிட்டாரில் கமகம் வருமா? அதற்கென்று எதைப் பார்த்து வாங்க வேண்டும்? (வாசகர், கும்பகோணம்)

நிச்சயம் வரும். கிட்டார் பிரசன்னா எலெக்ட்ரிக் கிட்டாரில் கர்நாடக இசை வாசிப்பதைக் கேட்டிருப்பீர்கள். மாண்டலின் ஸ்ரீனிவாஸ் வாசித்ததும் மின் மாண்டலின்தான்.

உங்களுக்கு ஆடாத பிரிட்ஜ் அவசியம். மிதக்கும் டிரெமலோவில் ஒரு கம்பியை இழுத்தால் பிரிட்ஜ் முன்னே சாயும், மற்ற ஐந்தும் இறங்கிவிடும். ஸட்ஜக் கம்பியை மீட்டிக்கொண்டே காந்தாரத்தை அசைக்கும்போது ஆதாரமே கலையும். ஸ்க்வையர் சோனிக் டெலிகாஸ்டரிலும், HT (ஹார்ட்டெயில்) என்று குறித்த சோனிக் ஸ்ட்ராட்டிலும் பிரிட்ஜ் ஆடாது.

கம்பிக்கு 9-42 செட் (மிக மெல்லியது 0.009 அங்குலம், மிகத் தடித்தது 0.042) போடுங்கள். டடாரியோ இஎக்ஸ்எல் 120, எர்னி பால் சூப்பர் ஸ்லிங்கி இரண்டும் அந்த அளவுதான். இழுக்கும்போது ஒரு விரலை மட்டும் நம்பாதீர்கள். மோதிர விரல் அழுத்த, பின்னால் நடுவிரலும் ஆள்காட்டி விரலும் சேர்ந்து தள்ளட்டும். 15-ஆம் ஃப்ரெட்டுக்கு மேல் ஒரு முழு ஸ்வரம் இழுக்கும்போது சத்தம் நின்றுபோனால் கம்பி பக்கத்து ஃப்ரெட்டில் இடிக்கிறது. மெல்லிய இரண்டு கம்பிகளின் சேடிலைக் கால் சுற்று உயர்த்துங்கள். வாசித்து முடித்ததும் கம்பியின் அடிப்பக்கத்தையும் துணியால் துடையுங்கள். வியர்வை ஊறி அங்கேதான் துரு பிடிக்கிறது. துருப்பிடித்த கம்பியில் விரல் வழுக்காது, ஜாரு வராது.