கரோலின் மன்ரோவின் திரைவாழ்வு: கேள்வி பதில்

பிரித்தானிய நடிகை கரோலின் மன்ரோ குறித்து உறுப்பினர்கள் கேட்டவற்றுக்கான பதில்கள் இவை. ஒரே பொருளைத் தொட்ட கேள்விகளைச் சேர்த்து எழுதியிருக்கிறேன்.

கேள்வி: ஐயா, ஜேம்ஸ் பாண்ட் படத்தில் ஹெலிகாப்டர் ஓட்டி வரும் பெண்ணாக மட்டுமே இவரை நான் அறிவேன். இவரைத் திகில் பட நடிகை என்று சொல்வது ஏன்?

பதில்: 1977இல் வந்த ‘தி ஸ்பை ஹூ லவ்ட் மீ’ படத்தில் அவர் ஏற்ற நவோமி சில நிமிடங்களில் முடிந்துவிடும் வேடம். அதற்கு முன்பு திகில் படங்களுக்குப் பெயர்பெற்ற பிரித்தானியத் தயாரிப்பு நிறுவனமான ஹாமரின் இரண்டு படங்களில் நடித்திருந்தார். அதற்குப் பின்பு சுமார் பன்னிரண்டு ஆண்டுகள் நியூயார்க், கான், பாரிஸ், இங்கிலாந்து என்று சிறு முதலீட்டுத் திகில் படங்கள் எடுக்கப்பட்ட இடங்களுக்கெல்லாம் போய் நடித்தார். பாண்ட் படம் அவருக்கு முகவரி தந்தது உண்மைதான், ஆனால் அவருடைய உழைப்பில் பெரும்பகுதி வேறு இடத்தில் கிடக்கிறது.

கேள்வி: திரைக்கு எப்படி வந்தார்?

பதில்: 1949இல் விண்ட்சரில் பிறந்தவர். 1966இல் லண்டன் ‘ஈவ்னிங் நியூஸ்’ நாளிதழ் நடத்திய முக அழகுப் போட்டியில், புகைப்படக் கலைஞர் டேவிட் பெய்லி நடுவராக இருக்க, வென்று விளம்பர மாடலானார். 1969இல் தொடங்கிய ‘லாம்ப்ஸ் நேவி ரம்’ விளம்பரம் அவரை நாடெங்கும் சுவரொட்டிகளில் கொண்டுபோய் ஒட்டியது. அந்தச் சுவரொட்டியைப் பார்த்த ஹாமர் தலைவர் ஜேம்ஸ் கரேராஸ் அவரை அழைத்து ஒப்பந்தம் செய்தார். அதற்குச் சற்று முன்பே, 1971இல், ‘தி அபாமினபிள் டாக்டர் ஃபைப்ஸ்’ படத்தில் திகில் பட நாயகர் வின்சென்ட் பிரைஸின் இறந்த மனைவியாகப் பேச்சு மூச்சின்றிப் படுத்திருந்தார். திகில் படத்துக்குள் நுழையப் பிணத்தைவிடப் பொருத்தமான வேடம் இருக்க முடியாது!

கேள்வி: ஹாமரில் இரண்டே படங்களோடு நின்றது ஏன்? சண்டையா?

பதில்: சண்டை எதுவும் இல்லை, காரணம் பணம். ‘டிராகுலா ஏ.டி. 1972’ படத்தில் நவீன லண்டனில் கிறிஸ்டோபர் லீயின் டிராகுலாவுக்கு முதல் பலியாகும் லாரா வேடம் அவருக்குக் கிடைத்தது. அடுத்து பிரையன் கிளெமென்ஸ் எழுதி இயக்கிய ரத்தக்காட்டேரி வேட்டைப் படமான ‘கேப்டன் குரோனோஸ்’ 1972இலேயே படமாக்கப்பட்டும் 1974 வரை வெளிவராமல் கிடந்தது. அமெரிக்க விநியோகஸ்தர்கள் தந்துவந்த முதலீடு குறைந்ததால், அந்த நிறுவனத்தின் திகில் பட வரிசை 1976இல் நின்றுபோனது. இதற்கிடையே, ‘தி கோல்டன் வாயேஜ் ஆஃப் சின்பாத்’ படத்துக்குத் திரைக்கதை எழுதிய அதே கிளெமென்ஸ் இவரைப் பரிந்துரைத்ததால், தந்திரக் காட்சிக் கலைஞர் ரே ஹாரிஹவுசனின் பொம்மை அசைவூட்ட அரக்கர்களுக்கு நடுவே உள்ளங்கையில் கண் வரைந்த அடிமைப் பெண்ணாகத் தோன்றினார். பிரித்தானியத் திகில் படத்துறை அப்போதே வற்றிக்கொண்டிருந்தது. இந்த ஒன்றைக் கணக்கில் கொண்டால்தான் அவர் பின்னர் எடுத்த முடிவுகள் விளங்கும்.

கேள்வி: ‘மேனியாக்’ போன்ற கொடூரமான படத்தில் அவர் நடித்திருக்க வேண்டுமா? அதனால் பெயர் கெடவில்லையா?

பதில்: இக்கேள்வியைப் பலர் கேட்டிருப்பதால் விரிவாகவே சொல்கிறேன். 1978இல் இத்தாலிய இயக்குநர் லுய்ஜி கோட்ஸியின் ‘ஸ்டார்கிராஷ்’ விண்வெளிப் படத்தில் அவர் நாயகி, ஜோ ஸ்பினெல் வில்லன். அந்த ஸ்பினெல்தான் நியூயார்க்கில் வில்லியம் லஸ்டிக் இயக்கிய ‘மேனியாக்’ படத்துக்குக் கதை எழுதி, தனிமையில் உழலும் கொலைகாரனாக நடித்தவர். அன்னா என்ற புகைப்படக் கலைஞர் வேடத்துக்கு முதலில் நினைத்திருந்த இத்தாலிய நடிகை டாரியா நிகோலோடி வர இயலாமற்போக, பழகிய முகமான மன்ரோ குறுகிய அவகாசத்தில் அமர்த்தப்பட்டார். 16 மில்லிமீட்டர் படச்சுருளில், சில காட்சிகள் தெருவில் அனுமதியே பெறாமல் எடுக்கப்பட்ட படம் அது. துப்பாக்கிக் காட்சியில் ஒப்பனைக் கலைஞர் டாம் சவீனி தாமே சுட்டு, தம் தலையின் உருவ அச்சையே சிதறடித்தார்.

1980இல் வெளியான அப்படத்துக்கு அடுத்த ஆண்டு பிரித்தானியத் தணிக்கை வாரியம் சான்றிதழ் மறுத்தது. 2002இல்தான் வெட்டுகளுடன் அனுமதி கிடைத்தது. பெண்களுக்கு எதிரான வன்முறையைப் படம் ரசிக்கிறது என்ற குற்றச்சாட்டை நான் எளிதாகத் தள்ளிவிட மாட்டேன். எனினும், மன்ரோ வரும் பகுதியில் மட்டும் படம் மூச்சு விடுகிறது. கொலைகாரன் ஒரு பெண்ணிடம் மனிதனாகப் பேச முயல்வதை அவருடைய இயல்பான நடிப்புதான் நம்ப வைக்கிறது. பெயர் கெட்டதா என்றால், இன்று திகில் பட ரசிகர்கள் அவரை நினைவுகூர்வதற்கு முதன்மைக் காரணங்களில் ஒன்று இப்படமே.

கேள்வி: கான் திரைப்பட விழாவில் திருட்டுத்தனமாக ஒரு படம் எடுத்தார்கள் என்பது உண்மையா?

பதில்: உண்மைதான். டேவிட் வின்டர்ஸ் இயக்கிய ‘தி லாஸ்ட் ஹாரர் ஃபிலிம்’ 1981ஆம் ஆண்டு விழா நடந்துகொண்டிருக்கும்போதே அங்கு படமாக்கப்பட்டு அடுத்த ஆண்டு வெளியானது. மன்ரோ அதில் திகில் பட நடிகையாகவே வருகிறார். அவரைப் பின்தொடரும் நியூயார்க் டாக்சி ஓட்டுநர் மீண்டும் ஸ்பினெல்தான். பல காட்சிகளில் பின்னணியில் நிற்பவர்கள் துணை நடிகர்கள் அல்லர், விழாவுக்கு வந்த பொதுமக்களே. அப்படியொரு கூட்டத்தைக் கூலி கொடுத்துத் திரட்ட அந்தத் தயாரிப்பாளர்களால் முடிந்திருக்காது.

கேள்வி: ‘ஸ்லாட்டர் ஹை’ அமெரிக்கப் படம்தானே?

பதில்: கதை நடக்குமிடம் அமெரிக்கா, எடுக்கப்பட்டது இங்கிலாந்தில், கைவிடப்பட்ட மனநல மருத்துவமனைக் கட்டடத்தில். முட்டாள்கள் தினக் கேலி நண்பகலோடு முடிய வேண்டும் என்ற பிரித்தானிய வழக்கம் கதைக்குள் வருவதே அதைக் காட்டிக்கொடுக்கிறது. முப்பதைத் தாண்டிய மன்ரோ அதில் பள்ளி மாணவியாக வருவதைப் பெருந்தன்மையுடன் கடந்து செல்லுங்கள்.

கேள்வி: தொலைக்காட்சியில் என்ன செய்தார்?

பதில்: 1977இல் ‘தி நியூ அவெஞ்சர்ஸ்’ தொடரில் ஒரு பகுதியில் நடித்தார். பிரித்தானியக் குடும்பங்கள் அவரை அறிந்தது, 1980களின் நடுவில் யார்க்‌ஷயர் தொலைக்காட்சியின் ‘3-2-1’ பரிசுப் போட்டியில், நிகழ்ச்சியை நடத்திய டெட் ராஜர்ஸுக்குத் துணையாக நின்ற தொகுப்பாளினியாகத்தான். குடும்பத்தோடு பார்க்கும் அந்த நிகழ்ச்சியில் சிரித்த முகத்துடன் நின்றவர், அதே ஆண்டுகளில் ரத்தம் தெறிக்கும் படங்களிலும் நடித்துக்கொண்டிருந்தார் என்பதை நேயர்களில் எத்தனை பேர் கவனித்திருப்பார்கள்! 2021 முதல் ‘டாக்கிங் பிக்சர்ஸ்’ தொலைக்காட்சியில் ‘தி செல்லார் கிளப்’ என்ற பெயரில் பழைய திகில் படங்களை அறிமுகப்படுத்தி வருகிறார். தாமே அத்துறையில் உழைத்தவர் என்பதால் அந்த முன்னுரைகளுக்குத் தனி மதிப்பு உண்டு.

கேள்வி: புதிதாகப் பார்க்கத் தொடங்குபவர் எந்தப் படத்தில் தொடங்கலாம்?

பதில்: டிராகுலா படத்தில் அவர் சீக்கிரமே இறந்துவிடுவதால் ‘கேப்டன் குரோனோஸ்’ படத்தில் தொடங்குங்கள். ரத்தத்தைப் பார்க்கத் தயங்குபவர்கள் ‘மேனியாக்’ படத்தைத் தவிர்த்து, கானில் எடுத்த ‘தி லாஸ்ட் ஹாரர் ஃபிலிம்’ படத்துக்கு நேரே போகலாம். ஸ்பானிய இயக்குநர் ஹெஸ் ஃபிராங்கோ பாரிஸில் எடுத்த ‘ஃபேஸ்லெஸ்’ படத்தில் அவர் கடத்தப்பட்ட மாடலாக வருகிறார். அந்த இயக்குநரின் போக்குக்குப் பழகியவர்களுக்கு மட்டுமே அதைச் சொல்வேன். 2019இல் வந்த ‘ஹவுஸ் ஆஃப் த கார்கன்’, ஹாமர் நடிகர்களை மீண்டும் ஒன்றுசேர்த்த சிறு படம். 1972 டிராகுலாவில் அவருடன் நடித்த கிறிஸ்டோபர் நீமும் அதில் இருக்கிறார் என்பதால், பழைய படங்களைப் பார்த்த பிறகு அதைப் பார்ப்பதே நல்லது.